உடைக்கலை வல்ல எடித் ஹெட் அம்மையார்

ஆள் பாதி ஆடை பாதி என்பது நம் நாட்டார் வழங்கும் பழமொழி. அதன் பொருளைப் படக்காட்சி உலகத்தாரைப்போல் உணர்ந்தவர் பிறர் இலர். திரையில் ஒரு பெண்மணி தோன்றிய அளவிலேயே, அவள் வாய் திறந்து ஒரு சொல்லும் பேசுதற்கு முன்னரே, இவள் அரசி, இவள் ஏழை, இவள் வஞ்சகி, இவள் பேதை என்று காண்போர் தெளிந்து கொள்ளுகின்றனர். அங்ஙனம் தெளியச் செய்வது அவள் உடுத்த உடையேயாம். ஆயினும், அவ்வுடையை வகுத்தவர் யார், வெட்டியவர் யார், தைத்தவர் யார் என வினவுவார் மிக அரியர். நடிகையின் பெயர் ஊரெங்கும் பரவுகின்றது. ஊசி பிடித்தவர் பெயர் மறைந்தொழிகின்றது.

இங்ஙனம் மறைந்து கிடந்த ஒரு தொழிலை உலகறியச் செய்தவர் அமெரிக்க நாட்டு எடித் ஹெட் அம்மையார். அவருடைய வரலாற்றினை நம் சங்கத்து அன்பர்க்கும் அவர்தம் குடும்பத்தார்க்கும், சிறப்பாகக் கைத்தொழில் பயிலும் இளைஞர்க்கும் நங்கையர்க்கும், ஈண்டுச் சுருக்கியுரைக்கப் புகுகின்றோம். அவ்வரலாற்றிற் புகழ்தற்குரியன பல. வருந்துதற்குரியதும் ஒன்று உண்டு. இரண்டினையும் மறையாது கூறுதலே முறையெனக் கருதுகின்றோம்.

பிறப்பும் கல்வியும்

அம்மையார் 1897-ஆம் ஆண்டு அக்டோபர் மாதம் 28-ஆம் நாள், கலிபோர்னியா மாகாணத்துச் சான் பெர்னார்டினோ என்னும் ஊரில் யூத மரபினரான பெற்றோர்க்கு மகளாய்ப் பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் எடித் கிளேர் போஸெனர் என்பது. தாயார் பின்னர்ச் சுரங்கத் தொழில் வல்ல பொறியாளர் ஒருவரை மணந்து கொண்டமையின், சிறுமியும் சுரங்கம் தோண்டும் இடந்தோறும் மாறி மாறி வாழ நேர்ந்தது. நெவாடா மாகாணத்துப் பாலை நிலத்திலுள்ள ஸெர்ச்லைட் என்னும் ஊர் அவற்றுள் ஒன்று. ஒத்த வயதினர் அதிகம் இல்லாத அவ்விடங்களில், கிடைத்த துண்டுத் துணிகளைச் சேர்த்துவைத்துப் பொம்மைகளுக்கும் வளர்ப்புப் பிராணிகளுக்கும் உடுத்தி மகிழ்வதே அச்சிறுமியின் விளையாட்டாயிற்று.

ஆயினும் அவர் முதலிற் பயின்றது தையற்கலை அன்று, மொழிக் கல்வியே. 1919-இல் பெர்க்லி நகரிலுள்ள கலிபோர்னியாப் பல்கலைக் கழகத்தில் பிரெஞ்சு மொழியிற் சிறப்புடன் பட்டம் பெற்றார். அடுத்த ஆண்டு ஸ்டான்போர்டுப் பல்கலைக் கழகத்தில் எம்.ஏ. பட்டமும் பெற்றார். பின்னர்ப் பெண்கள் பள்ளியொன்றில் பிரெஞ்சு ஆசிரியையாக அமர்ந்து, அதன்பின் ஹாலிவுட் நகரத்துப் பெண்கள் பள்ளிக்கு மாறினார். அங்கே பிரெஞ்சோடு சித்திரமும் கற்பிக்க வேண்டியதாயிற்று. அம்மையார்க்கோ சித்திரப் பயிற்சி மிகச் சிறிது. ஆதலின் பகலெல்லாம் பள்ளியிற் கற்பித்து, மாலையில் ஓடிஸ், ஷூனார்ட் என்னும் சித்திரக் கலாசாலைகளிற் சென்று தாம் மாணவியாய் அமர்ந்து கற்றார். நாளை மாணாக்கர்க்குச் சொல்ல வேண்டுவதனை இன்றிரவு கற்றுக்கொள்ளும் நிலை ஆசிரியத் தொழிலில் உள்ள நம்மனோர்க்குப் புதியதன்று. அக்காலத்தே உடன் பயின்ற தோழி ஒருவரின் தமையனார் சார்ல்ஸ் ஹெட் என்பாரை 1923-இல் மணந்தார். அம்மணம் நெடுங்காலம் நிலைக்கவில்லை. எனினும் ஹெட் என்னும் அப்பெயரே இறுதிவரை அவர்க்குத் தொழிற்பெயராய் நின்றது.

கடன் வாங்கிய சித்திரங்கள்

பின்னாளிற் பாரமவுண்ட் எனப் பெயர் பெற்ற படக் கம்பெனியார், உடைகளுக்குச் சித்திரம் எழுத வல்லார் ஒருவர் தேவையென விளம்பரஞ் செய்தனர். ஆசிரியைக்குக் கிடைத்த ஊதியம் போதாமையால் அம்மையார் அவ்வேலையை நாடினார். காட்டுதற்குரிய சித்திரங்களோ தம்மிடம் இல்லை. அவர் செய்தது யாது? தம்முடன் பயின்ற மாணவர்களிடம் சித்திரங்களை இரவலாகப் பெற்று, அவற்றையெல்லாம் ஒரு கட்டாகக் கட்டித் தம்முடையனவாகக் காட்டினார். உடைப் பகுதித் தலைவராயிருந்த ஹோவர்ட் கிரீயர், மலையும் மரமும், மாந்தர் முகமும், உடையும், கட்டடமும் எனப் பலதிறப்பட்ட அச்சித்திரங்களைக் கண்டு, ஒரு கைக்கு இத்தனை வன்மையா என வியந்து, 1924-ஆம் ஆண்டில் அவரை வேலைக்கு அமர்த்திக் கொண்டார்.

உண்மை நெடுநாள் மறைந்திருத்தல் இயலுமோ? வேலையில் அமர்ந்தபின் அம்மையாரின் கைப்பயிற்சிக் குறை வெளிப்பட்டது. அவரும் நிகழ்ந்ததை ஒப்புக்கொண்டார். கிரீயர் அவரை வெளியேற்றவில்லை. அம்மையாரும் அந்நன்றியை மறவாது அல்லும் பகலும் உழைத்தார். கிரீயரின் கைப்போக்கினையும், அவர்க்குத் துணையாய் நின்று பின்னர்த் தலைவரான ட்ராவிஸ் பான்டனின் கைப்போக்கினையும் நோக்கி நோக்கி, அவர்கள் எழுதுமாறே தாமும் எழுதக் கற்றுக்கொண்டார். பிறர் சித்திரத்தைத் தமதெனக் காட்டியது குற்றமே. அதனைக் குற்றமன்றென நாம் சொல்லோம். ஆயின் அவர் அதனை வாயால் ஒப்புக்கொண்டார்; கையால் உழைத்துத் தீர்த்தார். கடன் பட்டவர் வட்டியும் முதலுமாய்த் திருப்பிக் கொடுத்ததனோடு இதனை ஒப்பிடலாம்.

பழகு நாட்களிற் பிழைகளும் நேர்ந்தன. ஸெஸில் டெமில் என்னும் பெயர் பெற்ற டைரக்டரின் 1925-ஆம் ஆண்டுப் படமொன்றில், மிட்டாய்களால் அலங்கரித்த உடையணிந்த மகளிர் தோன்றும் காட்சி ஒன்று இருந்தது. அம்மையார் மெய்யான மிட்டாய்களையே உடையிற் பொருத்தினார். விளக்குகளின் வெப்பத்தில் அவை உருகி வழிந்தன. மற்றொரு படத்தில் யானைகளை மலராலும் கனியாலும் அணிசெய்யுமாறு அவர்க்குக் கட்டளை. யானைகள் தம் அணிகலன்களைத் தாமே பறித்துத் தின்றுவிட்டன! யானையின் இயல்பை அறிந்த நம் நாட்டார் இதனைக் கேட்டு நகைப்பர். பொருளின் தன்மையை அறியாது அழகை மட்டும் கருதுவது பயன்படாது என்பதனை அம்மையார் இவ்வாறு பட்டறிந்து கொண்டார்.

தலைமைப் பதவி

கிரீயர் விலகிய பின்னர்ப் பான்டன் தலைவரானார். அம்மையார் அவர்க்குத் துணையாக நின்றார். 1933-இல் மே வெஸ்ட் என்னும் நடிகைக்கும், 1936-இல் டாரதி லமூர் என்னும் நடிகைக்கும் அவர் வகுத்த உடைகள் நாடறிந்தன. பின்னவர்க்கு வகுத்தது, தென்கடல் தீவினர் அரையிற் சுற்றிக் கட்டும் ஸாரோங் என்னும் ஆடையைத் தழுவியது. அது பெண்கள் விரும்பி வாங்கும் புதுவழக்காகப் பரவிற்று. பான்டன் விலகவே, 1938-ஆம் ஆண்டில் உடைப் பகுதியின் தலைமை அம்மையார்க்கு வந்தது. ஆடவரே அப்பதவிகளை வகித்த அக்காலத்தில், பெரிய கம்பெனியொன்றில் ஒரு பெண்மணி அதனை அடைந்தது அருஞ்செயலாகும். 1940-இல் கலை டைரக்டரான வியார்ட் ஐனென் என்பாரை மணந்தார். அவர் 1979-இல் மறையும் வரை அவ்வில்லறம் இனிது நடந்தது.

தொழிலின் நுட்பம்

உடை வகுத்தல் என்பது அழகிய துணியை எடுத்து அழகாகத் தைத்துவிடுவதன்று. முதலிற் கதையைப் படித்து, இன்னார் இன்ன காட்சியில் இன்ன மனநிலையில் வருகின்றார் என்று பகுத்துக் குறித்தல் வேண்டும். பின்னர்ச் சித்திரம் எழுதி டைரக்டரின் இசைவு பெற்று, விலை குறைந்த துணியில் மாதிரி வெட்டி நடிகையின் உடலிற் பொருத்தி, அளவு திருத்தியபின்னரே உரிய துணியில் கத்திரி வைத்தல் வேண்டும். அதன் பின்னும் காமிராவின் முன் நிறுத்திப் பார்த்தல் வேண்டும். கண்ணுக்கு இனிதாய்த் தோன்றும் நிறம் படத்திற் கெட்டுத் தோன்றுதலும் உண்டு. வண்ணப் படங்கள் பெருகாத காலத்தில் எல்லா நிறமும் கறுப்பும் வெளுப்பும் சாம்பலுமாகவே தோன்றுமன்றோ? ஆதலின் அம்மையார் நீலக் கண்ணாடி வழியே உடையை நோக்கி, அது படத்தில் எங்ஙனம் தோன்றும் என்பதனை உய்த்துணர்வார். அவர் எந்நாளும் அணிந்திருந்த நிறக் கண்ணாடிக்கு இதுவே தொடக்கம் என்பர்.

உடலின் குறையை மறைத்து நிறையைக் காட்டுதல் அவரது தனித்திறம். பார்பரா ஸ்டான்விக் என்னும் நடிகைக்கு இடை சற்றுத் தாழ்ந்து அமைந்திருந்தது. அம்மையார் அரைப்பட்டையை முன்புறம் அகலமாகவும் பின்புறம் சிறிது ஒடுக்கமாகவும் வெட்டினார், குறை மறைந்தது. 1941-ஆம் ஆண்டு வெளிவந்த லேடி ஈவ் என்னும் படத்தின் பின் அந்நடிகை அழகிய உடைக்குப் பெயர் பெற்றவரானார்.

கதைக்கேற்ப உடை பேசவேண்டும் என்பது அவரது கொள்கை. 1949-ஆம் ஆண்டின் ஏர்ஸ் என்னும் படத்தில் ஒலிவியா டி ஹாவிலண்ட் செல்வர் வீட்டுப் பேதைப் பெண்ணாக வருகின்றார். முற்பகுதியில் அவர் அணியும் உடைகள் விலை மிக்கவை. ஆனால் உடலிற் செம்மையாய்ப் பொருந்தாதவை. உள்ளம் உறுதிப்பட்ட பிற்பகுதியில் உடையும் செவ்வனே பொருந்துகின்றது. 1953-ஆம் ஆண்டின் ரோமன் ஹாலிடே என்னும் படத்தில் ஆட்ரி ஹெப்பர்ன் இளவரசியாக வந்து, அரண்மனையைவிட்டு ஒருநாள் நகரிற் சுற்றுகின்றார். கழுத்துப் பொத்தானைத் திறத்தலும், கையை மடித்து விடுதலும் ஆகிய சிறு மாறுதல்களாலேயே அவ்விளவரசியின் விடுதலை உணர்ச்சி வெளிப்படுகின்றது. 1958-இல் வந்த வெர்ட்டிகோ என்னும் படத்திற்கு ஹிட்ச்காக் என்னும் டைரக்டர் சாம்பல்நிற உடையே வேண்டுமென்றார். கிம் நோவாக் என்னும் நடிகை அந்நிறம் தமக்கு வேண்டாவென்றார். அம்மையார் இருவர்க்கும் இடையே நின்று, கதைக்கு வேண்டிய அந்நிறத்திலேயே உடையை அமைத்தார்.

இத்துணை அலங்காரங்களைப் பிறர்க்கு வகுத்தவர் தாம் அணிந்ததோ சாம்பலும் பழுப்பும் கறுப்புமான எளிய உடை. நெற்றிமயிரைக் குட்டையாக வெட்டிப் பின்மயிரை முடிந்து, நிறக் கண்ணாடி அணிந்து நிற்பார். அளவு பார்க்கும்போது நிலைக்கண்ணாடியில் நடிகையே தோன்றவேண்டும், பின்னின்றவர்மீது கண் செல்லலாகாது என்பது அவரது எண்ணம்.

பரிசுகள்

ஆஸ்கார் என்னும் பரிசு உடைக்கலைக்கு முதன்முதல் வழங்கப்பட்டது 1949-ஆம் ஆண்டிலாம். நம் நாட்டுப் பானு அத்தையா அம்மையார் காந்தி என்னும் படத்திற்காக, ஜான் மொல்லோ என்பாருடன் சேர்ந்து 1983-இற் பெற்றதும் இப்பரிசே. முதலாண்டிலேயே தமக்குக் கிட்டும் என எடித் ஹெட் அம்மையார் உறுதியாய் நம்பியிருந்தார், கிட்டவில்லை. அடுத்த ஆண்டு முதற்கொண்டு அது அவரைத் தேடி வந்தது. வாழ்நாளில் 35 முறை அவர் பெயர் பரிசுக்கு முன்மொழியப்பட்டது. 8 முறை பரிசு கிடைத்தது. வேறெந்தப் பெண்மணியும் ஆஸ்கார் பரிசினை அத்தனை முறை பெற்றதில்லை.

அவ்வெட்டனுள் நான்கு பரிசுகள் பிறருடன் பகிர்ந்து கொண்டவை. ஏர்ஸ் படத்திற்குக் கைல் ஸ்டீல் என்பார் உடன்பெற்றார். டெமிலின் ஸாம்ஸன் அண்ட் டிலைலா என்னும் படத்திற்கு ஐவர் பெற்றனர். ஆல் அபௌட் ஈவ் படத்திற்குச் சார்ல்ஸ் லெமேர் உடன்பெற்றார். பாக்ட்ஸ் ஆப் லைப் படத்திற்கு எட்வர்ட் ஸ்டீவன்ஸன் உடன்பெற்றார்.

ஆல் அபௌட் ஈவ் படத்தில் நிகழ்ந்ததொன்று குறிப்பிடத்தக்கது. பெட்டி டேவிஸ் என்னும் நடிகைக்கு விருந்துக் காட்சிக்கெனத் தைத்த உடையில் அளவு பிழைபட்டது. படம் பிடிக்கும் நேரத்தில் அணிந்து பார்க்க, கழுத்துப்பகுதி அகன்று தோளினின்றும் நழுவிற்று. அம்மையார் நடுங்கி, பிழையை டைரக்டரிடம் தாமே சென்று கூறப் புறப்பட்டார். நடிகையோ கண்ணாடியில் நோக்கி, உடையை இருதோளினும் கீழே இறக்கிவிட்டு, இதுவே நன்றென்றார். அவ்வுடை பெரும் புகழ் பெற்றது. தம் பகுதியில் நேர்ந்த பிழையைப் பிறர்மேல் ஏற்றாது தாமே சொல்லப் புறப்பட்ட அம்மையாரின் பண்பு போற்றத்தக்கது.

வருந்துதற்குரிய ஒன்று

இனி, முன்னர் யாம் குறித்த வருத்தத்துக்குரிய செய்திக்கு வருவோம். 1954-இல் வெளிவந்த ஸப்ரினா என்னும் படத்தில், வண்டியோட்டியின் மகள் ஒருத்தி பாரிஸ் நகர் சென்று நாகரிக நங்கையாய் மீளுகின்றாள். ஆட்ரி ஹெப்பர்ன் அவளாக நடித்தார். பாரிஸினின்றும் மீண்டபின் அணியும் உடைகளைப் பாரிஸ் நகரத்திலேயே பெறுதல் தகுமென டைரக்டர் பில்லி வைல்டர் இசைய, அந்நடிகை அங்கே ஹூபெர்ட் தெ ஜிவன்ஷி என்னும் இளைஞரின் கடைக்குச் சென்று உடைகளைத் தெரிந்தெடுத்தார். படம் முழுமைக்கும் உடை வகுக்கலாம் என்றிருந்த எடித் ஹெட் அம்மையார்க்கு எஞ்சியவை வண்டியோட்டி மகளின் எளிய உடைகளும் பிறவுமே. அவர் மனம் நொந்திருத்தல் இயல்பே.

ஆயின் படத்தில் உடை வகுத்தவர் என்று எழுதப்பட்டிருந்தது எடித் ஹெட் என்னும் பெயர் ஒன்றே. அப்படத்துக்கு உடைக்கலைப் பரிசும் கிடைத்தது. 1955-இல் அம்மையார் மேடையேறி அதனைப் பெற்றுக்கொண்டார். ஜிவன்ஷியின் பெயரை அவர் கூறவில்லை. தோளில் முடிச்சிட்ட கறுப்புடை ஒன்று அப்படத்திற் புகழ்பெற்றது. அது தம்முடையதென்றே பின்னரும் சொல்லி வந்தார். அதன் வகுப்பு தம்முடையதே என்று அம்மையார் மறைந்த பின்னர் ஜிவன்ஷி உறுதிப்படுத்தினார்.

அக்காலத்துக் கம்பெனி வழக்கம் ஒன்றுண்டு. பகுதியில் யார் வகுத்தாலும், யார் வெட்டினாலும், யார் தைத்தாலும், எழுதப்படுவது பெரும்பாலும் தலைவர் பெயரே. அவ்வழக்கத்தைக் காட்டி அம்மையார்க்காகப் பரிந்து பேசுவாரும் உளர். அஃது ஒருவாறு பொருந்துமாயினும் முற்றும் பொருந்தாது. வழக்கம் தந்த உரிமை வேறு. மனச்சான்று தரும் உரிமை வேறு. இளமையில் வறுமையினால் பிறர் சித்திரத்தைத் தமதெனக் காட்டியவர் அதனை ஒப்புக்கொண்டு உழைத்துத் தீர்த்தார். புகழின் உச்சியில், ஒரு சொல்லாற் தீர்ந்திருக்கக்கூடிய கடனைத் தீராமலே விட்டார். வறுமைக் காலத்திற் பட்ட கடனினும் செல்வக் காலத்திற் பட்ட கடனே தீர்த்தற்கரியது போலும்! 1957-இல் வந்த பன்னி பேஸ் என்னும் படத்தில் ஜிவன்ஷியின் பெயரும் எழுதப்பட்டு, பரிசுக்கு இருவர் பெயரும் ஒருங்கே முன்மொழியப்பட்டன என்பது ஓர் ஆறுதல்.

இல்லத்துப் பெண்டிர்க்கு ஆசிரியை

இவ்வொன்றினால் அம்மையாரின் தொண்டு சிறுமையுறுவதன்று. அவர் நடிகையர்க்கு மட்டும் உடை வகுத்தவரல்லர். ஆர்ட் லிங்க்லெட்டர் என்பார் வானொலியிலும், 1952 முதல் டெலிவிஷனிலும் நடத்திய இல்லத்தார் நிகழ்ச்சியில் தோன்றி, கூடியிருந்த எளிய பெண்டிர்க்கு அவரவர் உடலுக்கும் வருவாய்க்கும் ஏற்ற உடை யாது என்று கற்பித்தார். விலை மிக்கது அழகன்று, பொருந்துவதே அழகு என்பது அவர் தந்த பாடம். 1959-இலும் 1967-இலும் உடைபற்றிய நூல்களை வெளியிட்டார். பழைய ஆசிரியை எங்கும் மறையவில்லை. பள்ளியறை மட்டும் பெரிதாயிற்று.

40 ஆண்டுகளுக்கு மேல் உழைத்த பாரமவுண்ட் கம்பெனி, 1967-இல் அவருடைய உடன்படிக்கையைப் புதுப்பிக்கவில்லை. அப்போது அவர்க்கு வயது 69. வேறொருவராயின் ஓய்ந்திருப்பர். அவரோ யூனிவர்ஸல் கம்பெனியிற் சேர்ந்து, படங்களுக்கும் டெலிவிஷனுக்கும் உடை வகுத்தார். 1973-இல் கொலம்போ என்னும் டெலிவிஷன் தொடரில் உடை வகுக்கும் தாமாகவே தோன்றினார். அதே ஆண்டு வெளிவந்த ஸ்டிங் என்னும் படம் அவர்க்கு எட்டாவது பரிசினைத் தந்தது. அமெரிக்கக் கடலோரக் காவற்படை மகளிர்க்குச் சீருடை வகுத்ததும் அவ்வாண்டுகளிலேயாம்.

1981-ஆம் ஆண்டு அக்டோபர் மாதம் 24-ஆம் நாள், 84-ஆம் பிறந்தநாளுக்கு நான்கு நாள் முன்னர், அம்மையார் இயற்கை எய்தினார். பழைய கறுப்பு வெள்ளைப் படங்களின் துண்டுகளைப் புதிய காட்சிகளோடு இணைத்தெடுத்த நகைச்சுவைப் படமே அவர் இறுதியாக உழைத்தது. அஃது 1982-இல் அவர் நினைவுக்கு உரிமையாக்கப்பட்டு வெளிவந்தது. 2003-இல் அமெரிக்க அஞ்சல் துறையினர் உடைக்கலைக்கென வெளியிட்ட தபால் தலையில் அவர் உருவம் இடம்பெற்றது.

முடிவுரை

இவ்வரலாற்றினால் நாம் அறியத்தக்கன இரண்டு. கற்காமல் ஒரு தொழிலில் நுழைந்தாலும், நுழைந்தபின் கற்றுத் தீர்த்தல் வேண்டும் என்பது ஒன்று. அதனை இளைஞரும் நங்கையரும் உள்ளத்திற் பதித்துக் கொள்வாராக. ஒரு பொருள் பல கைகளால் ஆவதாயின், புகழ் வருங்கால் அக்கைகளின் பெயரையும் சொல்லுதல் வேண்டும் என்பது மற்றொன்று. இது மூத்தோர்க்குரியது. நம்மவருட் கடை நடத்துவோரும் பட்டறை வைத்திருப்போரும் பலர். வாடிக்கைக்காரர் ஒருவர் வந்து வேலைப்பாட்டினைப் புகழும்போது, உள்ளே குனிந்திருந்து அதனைச் செய்த ஆளை அழைத்து, இவரே செய்தவர் எனக் காட்டுதற்குச் செலவு யாதொன்றும் இல்லை. அம்மையார் 1955-இல் ஒரு மேடையிற் சொல்லாது விட்ட சொல், அவர் பெற்ற பரிசுகளோடு இன்றளவும் சேர்த்துப் பேசப்படுகின்றது. சொல்லியிருப்பின் எட்டுப் பரிசும் குறைவற ஒளிர்ந்திருக்கும். அவர் உழைப்பினைப் பின்பற்றுவோமாக; அவர் விட்டதனை நாம் செய்வோமாக. எடித் ஹெட் அம்மையாரின் பெயரும், அவருடன் உழைத்துப் பெயர் அறியப்படாத கைகளின் சிறப்பும் நீடு வாழ்க!